மூன்றாம் பக்கத்தின் கடைசி வரி

பன்னிரண்டு ஆண்டுகளுக்கு முன் நான் எழுதிய ஒரே ஒரு வரியைப் பற்றிச் சொல்ல வேண்டும். அது என் பெயரில் வெளிவரவில்லை. இன்னொருவர் பெயரில், அவரே எழுதியதுபோல் அச்சாகி, கொடைக்கானல் கடைகளில் ஒரு வாரம் தொங்கியது. அதைப் படித்த பலர் இன்று அதை மறந்திருப்பார்கள். மறக்காதவர்கள் இரண்டு பெண்கள். ஒருவர் இந்த மலையில் இருக்கிறார், மற்றவர் கடலுக்கு அந்தப் பக்கம் இன்னொரு மலையில் இருக்கிறார். அவர்கள் அக்காள் தங்கை.

என்னைப் பற்றி இரண்டு வார்த்தை. மதுரையில் ஒரு கல்லூரியில் ஆங்கில இலக்கியம் நடத்தினேன். முனைவர் பட்டத்துக்கு நான் எடுத்துக்கொண்ட பொருள், விக்டோரியா மகாராணி காலத்து நாவலாசிரியர்களும் அவர்கள் எழுதிப் பிழைத்த பத்திரிகைகளும். இன்று தடித்த புத்தகமாக நாம் கையில் எடுக்கும் அந்த நாவல்களில் பல, முதலில் வாரத் துண்டுகளாகவும் மாதத் துண்டுகளாகவும்தான் வாசகர் கைக்குப் போயின. ஒரு பக்கம் கதை, அதன் முதுகில் இருமல் மாத்திரைக்கும் தலைமுடித் தைலத்துக்கும் விளம்பரம். எழுதியவர்களில் பலர் பத்திரிகைக்காரர்களாகத் தொடங்கியவர்கள். நாடாளுமன்றத்தில் உட்கார்ந்து சுருக்கெழுத்தில் குறிப்பெடுத்த கை, பிறகு கதை எழுதியது. அச்சகத்து ஆள் வாசலில் காத்திருக்க, ஈரம் காயாத தாளைக் கொடுத்தனுப்பினார்கள். கதாநாயகி பிழைப்பாளா மாட்டாளா என்று எழுதியவருக்கே அந்த வாரம் தெரியாது என்பதும் உண்டு.

வகுப்பில் நான் ஆண்டுதோறும் ஆசையோடு நடத்தும் பாடம் ஒன்று இருந்தது. அந்த நாட்டிலேயே பெரிய பெயர் பெற்ற நாவலாசிரியர் ஒருவர் சொந்தமாக ஒரு வாரப்பத்திரிகை நடத்தினார். பக்கத்துக்குப் பக்கம் உச்சியில் அவர் பெயர் இருக்கும். உள்ளே எழுதியவர்கள் பெயர் எங்கும் இருக்காது. தொழில் நகரம் ஒன்றில் போதகரின் மனைவியாக வாழ்ந்த ஒரு நாவலாசிரியையிடம் அவர் தொடர்கதை கேட்டு வாங்கினார். அந்த அம்மையார் நிதானமாக எழுதுகிறவர். ஆலைத் தொழிலாளியின் வீட்டுக்குள் நுழைந்தால் அடுப்பையும் பாத்திரத்தையும் பார்க்காமல் வெளியே வரமாட்டார். ஆசிரியருக்கோ ஒவ்வொரு வாரமும் முடிகிற இடத்தில் வாசகன் மூச்சைப் பிடித்துக்கொண்டு நிற்க வேண்டும். வெட்டச் சொன்னார், சுருக்கச் சொன்னார், விற்பனை குறைகிறது என்று குறைப்பட்டார். கடைசியில் அந்த அம்மையார் முடிவை அவசர அவசரமாக எழுத வேண்டியதாயிற்று. பிறகு புத்தகமாகப் போட்டபோது, பத்திரிகையில் விட்டுப்போனதைக் கொஞ்சம் சேர்த்துக்கொண்டார். இருவருக்கும் நடந்த கடிதப் போக்குவரத்தை நான்கு வருடம் படித்தவன் நான். மேசையைத் தட்டி அந்த ஆசிரியரைக் கண்டித்துப் பேசுவேன். மாணவர்களுக்கு அந்த வகுப்பு பிடிக்கும்.

ஓய்வு பெற்றதும் கொடைக்கானலுக்கு வந்துவிட்டேன். மனைவிக்கு மதுரை வெயில் ஒத்துக்கொள்ளவில்லை. வந்த மூன்றாம் வருடம் அவள் போய்விட்டாள். தனியாக இருந்தேன். அப்போதுதான் இரண்டு விடுதிக்காரர்களும் ஒரு மருந்துக்கடைக்காரரும் சேர்ந்து மலைக்கென்று ஒரு வாரப்பத்திரிகை தொடங்கலாம் என்று என்னிடம் வந்தார்கள். எட்டுப் பக்கம். தண்ணீர்ப் பிரச்சினை, யூக்கலிப்டஸ் தைல விளம்பரம், பூம்பாறையில் பூண்டு என்ன விலை, பண்ணைக்காட்டில் மிளகு என்ன விலை, சீசன் நேரத்தில் எந்தச் சாலை ஒருவழி. நான் ஆசிரியர். பக்கத்துக்குப் பக்கம் உச்சியில் என் பெயர் வர வேண்டும் என்று நானே சொல்லி அப்படி அமைத்தேன். அதில் யாருக்கும் ஆட்சேபணை இல்லை. அந்த வழக்கம் எங்கிருந்து வந்தது என்பது எனக்கு மட்டும்தான் தெரியும்.

அச்சகம் வத்தலக்குண்டில் இருந்தது. வியாழக்கிழமை காலை பஸ்ஸில் கண்டக்டர் கையில் கையெழுத்துப் படியைக் கொடுத்துவிட்டால் பதினொரு மணிக்குள் அச்சகத்தில் இருக்கும். சனிக்கிழமை மத்தியானப் பஸ்ஸில் கட்டு மேலே வரும். மின்னஞ்சல் எல்லாம் அப்போதும் இருந்தது. ஆனால் எனக்கு விரலால் தட்டி எழுத வராது. அச்சக உரிமையாளருக்கும் தாளைக் கையில் வைத்துக்கொண்டு என்னைத் திட்டினால்தான் வேலை ஓடும்.

பத்திரிகை என்றால் தொடர்கதை வேண்டும் என்று நான் பிடிவாதம் பிடித்தேன். யாரிடம் கேட்பது என்று இருந்தபோது ஒரு பெண் தானாகவே வந்தார். நாற்பத்தைந்து வயது இருக்கும். ஊருக்குள் ஒரு விடுதிப் பள்ளியின் சலவை அறையில் வேலை. மாணவர்களின் துணிகளில் தைத்திருக்கும் எண்ணைப் பார்த்துப் பிரித்து அடுக்க வேண்டும். வார நாட்களில் பள்ளியிலேயே தங்குவார். ஞாயிற்றுக்கிழமை மட்டும் ஊருக்கு வெளியே உள்ள குடியிருப்புக்குப் போவார். இலங்கைத் தேயிலைத் தோட்டங்களிலிருந்து இரு அரசுகளின் ஒப்பந்தப்படி திருப்பி அனுப்பப்பட்ட குடும்பங்களின் வரிசை வீடுகள் அவை. அங்கே அவருடைய அப்பா இருந்தார். அவர் தோல் பதனிடுகிறவர்களுக்குச் சீகைமரப் பட்டை உரித்துக் கொடுத்து மகளை வளர்த்தவர், எண்பதை நெருங்கியவர்.

பழைய சலவைச் சீட்டுகளின் பின்பக்கத்தில் எழுதிய ஒரு பெரிய கட்டை அந்த அம்மா என் மேசையில் வைத்தார்.

"கதைதாங்க சார். எங்க வீட்டுக் கதைதான், பேர மட்டும் மாத்தியிருக்கேன். அப்பாவுக்குப் படிக்கத் தெரியாது. அச்சுல வந்தா ஞாயித்துக்கெழமைக்கு ஞாயித்துக்கெழம வாசிச்சுக் காட்டலாம்னு."

"அப்படியே வாசிச்சுக் காட்டலாமே?"

"இதையா? வேட்டி நாலு, சட்டை ஆறுன்னு பின்னாடி இருக்கு சார். கௌரவமா இருக்க வேணாமா?"

சிரித்துவிட்டேன். அன்று இரவே படிக்க ஆரம்பித்து மறுநாள் மாலைக்குள் முடித்தேன். என்னால் அப்படி எழுத முடியாது என்று தெரிந்தது. அதைச் சொல்லாமல் விட்டால் இந்த ஒப்புதல் முழுமையாகாது.

கதை இது. தோட்டத்தில் ஒரு குடும்பம் இந்தியா போக எழுதிக்கொடுக்கிறது. மூத்த மகள் வேறு தோட்டத்தில் அத்தை வீட்டில் இருந்து கொழுந்து எடுக்கிறாள். கடவுச்சீட்டு வரும்போது அதில் அவள் பெயர் இல்லை. அத்தையின் குடும்பத்தோடு சேர்த்து அவளுக்கு அந்த நாட்டுக் குடியுரிமை ஆகிவிட்டது. ஆறு மாதத்தில் கூட்டிக்கொள்கிறோம் என்று சொல்லிவிட்டு அப்பாவும் அம்மாவும் சின்ன மகளும் கோச்சி ஏறுகிறார்கள், ரயிலை அங்கே அப்படித்தான் சொல்வார்கள். ஆறு மாதம் முடியவே இல்லை. பெயர் எப்படி விட்டுப்போயிற்று என்பதை அந்த நாவல் எங்கேயும் சொல்லவில்லை. படிவத்தை எழுதியவர் தோட்டத்துக் கிளாக்கர். அப்பா பெருவிரல் வைத்தார். அவ்வளவுதான். ஒரு அத்தியாயம் முழுக்க அம்மா எந்தப் பாத்திரத்தை எடுத்துப்போவது எதை விட்டுப்போவது என்று பிரித்துக்கொண்டிருக்கிறாள். வேறு எதுவும் நடப்பதில்லை. படித்துவிட்டு நான் எழுந்து போய் வாசலில் நின்றேன்.

பிறகு சிவப்புப் பேனாவை எடுத்தேன்.

"பாத்திர அத்தியாயம் ரொம்ப நீளம்மா. மூணு வாரம் வரும். யாரும் தாங்க மாட்டாங்க" என்றேன்.

"எங்க அம்மாவுக்கு அதுக்கு ஒரு மாசம் ஆச்சு சார்."

"வாழ்க்கையில ஆகலாம். பத்திரிகையில ஆகக்கூடாது. ஒவ்வொரு வாரமும் முடியுற எடத்துல படிக்கிறவங்க பதறணும். அடுத்த சனிக்கிழமை எப்ப வரும்னு இருக்கணும்."

"பயந்தாத்தான் படிப்பாங்களா?"

"தொடர்கதைன்னா அப்படித்தான்."

அவர் கொஞ்ச நேரம் தன் கையைப் பார்த்தார். சோப்புத் தண்ணீரில் ஊறி வெளுத்த விரல்கள். "நீங்க படிச்சவங்க. வெட்டுறது வெட்டுங்க சார். இல்லாதத மட்டும் சேத்துராதீங்க" என்றார். சரி என்று தலையாட்டினேன்.

முதல் ஐந்து வாரம் அந்த வாக்கைக் காப்பாற்றினேன். வெட்டினேன், இடம் மாற்றினேன், ஒரு வாக்கியத்தைத் தூக்கிக் கடைசியில் வைத்தேன், ஆனால் எதையும் சேர்க்கவில்லை. தொடரின் தலைப்புக்குக் கீழே அவர் பெயர், பக்கத்தின் உச்சியில் என் பெயர். குடியிருப்பில் சனிக்கிழமை தோறும் பத்துப் பதினைந்து பிரதி போக ஆரம்பித்தது. மகள் வாசிக்க ஞாயிறுவரை காத்திருக்கப் பொறுமை இல்லாமல் பக்கத்து வீட்டுக்காரரைப் பிடித்துச் சனிக்கிழமையே வாசிக்கச் சொல்லி அப்பா கேட்டுவிடுகிறார் என்றும், மறுநாள் மகள் வாசிக்கும்போது முதல் தடவை கேட்பதுபோல் உட்கார்ந்திருக்கிறார் என்றும் அவர் சிரித்துக்கொண்டே சொன்னார். "நடிக்கிறாரு சார். எனக்குத் தெரியும்னு அவருக்குத் தெரியாது."

ஆறாவது வாரம் பெருவிரல் வைக்கிற இடம். அவருடைய எழுத்தில் அந்தப் பகுதி இப்படி முடிந்தது: பெருவிரலில் ஒட்டிய மையை அவர் அன்று முழுவதும் வேட்டியில் துடைத்துக்கொண்டே இருந்தார்.

வியாழக்கிழமை பிற்பகல் அச்சகத்திலிருந்து போன் வந்தது.

"சார், மூணாம் பக்கத்துல அடியில ரெண்டு வரி எடம் சும்மா கெடக்கு. எண்ணெய்க் கடை விளம்பரத்த இழுத்து விட்டுரவா?"

"கதைக்கு நடுவுல எண்ணெயா? வேண்டாம்யா."

"அப்ப வெரசா எதாச்சும் சொல்லுங்க. ஆளு பிளேட்டு போடக் காத்துக்கிட்டு நிக்கிறான். எனக்கு வேற சோலி கெடக்கு."

ஒரு கையில் தேநீர் டம்ளர், மறு கையில் போன். நின்றபடியே சொன்னேன். முப்பது வருடம் படித்த படிப்பு அந்த ஒரு நிமிடத்தில் என் நாக்குக்கு வந்தது. "எழுதிக்கங்க. விரலை அழுத்தியபோதே அவருக்குத் தெரியும், அந்தத் தாளில் மூத்தவளின் பெயர் இல்லை என்று. அதுக்குக் கீழே அடைப்புக்குறிக்குள்ள தொடரும்."

மறுமுனையில் ஒரு விசில் சத்தம். "பிச்சுட்டீங்க சார்! அடுத்த வாரம் மொத ஆளா நாந்தான் படிப்பேன்."

அந்த வரி செய்தது என்ன என்று எனக்கு உடனே தெரிந்தது. அதற்கு முந்தைய வாக்கியத்தின் அர்த்தமே மாறிவிட்டது. மையைத் துடைத்துக்கொண்டே இருந்த எளிய மனிதர், துடைக்க முடியாததைத் துடைக்கிற குற்றவாளி ஆகிவிட்டார். எவ்வளவு நன்றாக வந்துவிட்டது என்றுதான் அன்று நினைத்தேன். அவரிடம் கொடுத்த வாக்கு நினைவில்லாமல் இல்லை. அதற்கும் ஒரு வழி வைத்திருந்தேன். அடுத்த வாரப் பகுதியின் தலையில் இப்படி ஒரு வாக்கியத்தை அன்று மாலையே எழுதி வைத்தேன்: அப்படித்தான் தோட்டத்து லயத்து வீடுகளில் பலர் பின்னால் பேசிக்கொண்டார்கள், ஆனால் அது உண்மையில்லை. ஒரு வாரம் கொதிக்க விட்டு, முதல் வரியிலேயே இறக்கிவிடுவது. நான் படித்த வாரப்பத்திரிகைகளில் எத்தனையோ கைகள் செய்த வேலைதான். கப்பல் துறையில் கூட்டமாக நின்று, கதையில் வரும் பெண் உயிரோடு இருக்கிறாளா என்று வந்திறங்கும் மாலுமிகளைக் கேட்டார்கள் என்று ஒரு கதை உண்டு. அதை வகுப்பில் சொல்லும்போதெல்லாம் எனக்கு உடம்பு சிலிர்க்கும்.

சனிக்கிழமை மத்தியானம் கட்டு வந்தது. நாலு மணி வாக்கில், மஞ்சு இறங்கி எதிர்ப்பக்கக் கடை தெரியாமல் போயிருந்தபோது, என் அறை வாசலில் ஒரு பெரியவர் வந்து நின்றார். காதை மூடிய கம்பளிக் குல்லா, கையில் மடித்த குடை, இன்னொரு கையில் மடித்த பத்திரிகை.

"சேர் வேலையா இருக்கீங்களோ?"

சார் என்பதை அந்த மாதிரி உச்சரித்ததுமே யார் என்று தெரிந்துவிட்டது. "வாங்க வாங்க. உக்காருங்க. எழுதுறவங்களோட அப்பாதானே?"

"ஆமாங்க சேர்." அவர் உட்காரவில்லை. "நம்ம புள்ள கதை எழுதுது. பக்கத்துக் காம்பராக்காரர் வாசிச்சாரு."

"எப்படி இருக்கு?"

"நல்லாத்தான் இருக்குங்க. எங்க தோட்டம், காலையில ஆள் எண்ணுற பெரட்டுக்களம், எல்லாம் அச்சு அசலு." பத்திரிகையை மேசைமேல் விரித்து மூன்றாம் பக்கத்தின் அடியில் விரலை வைத்தார். படிக்கத் தெரியாதவர், யாரோ காட்டிய இடத்தை மனதில் வைத்துக்கொண்டு வந்திருக்கிறார். "இந்தக் கடைசியில ஒரு சங்கதி வருதுங்களே. அந்த ஆளுக்கு முன்னாடியே தெரியும்னு."

"ஆமா."

"அது புள்ளயே எழுதினதுங்களா சேர்?"

பன்னிரண்டு வருடமாக இந்தக் கேள்வியோடு இருக்கிறேன். அன்று நான் சொன்ன பதில் இது: "பேரு அவங்க பேருதானேய்யா போட்டிருக்கு." சிரித்துக்கொண்டு சொன்னேன்.

அவர் தலையை ஆட்டிக்கொண்டார். "அடுத்ததுல என்ன வருதுங்க?" என்றார்.

"அதச் சொல்லிட்டா அப்புறம் பேப்பரை யாரு வாங்குவா? ஒரு வாரந்தானே. பொறுத்துக்கங்க."

"அது சரிதாங்க" என்று அவரும் மரியாதைக்குச் சிரித்தார்.

அடுத்த வாரப் பகுதி அவர் விரலுக்கு ஒரு சாண் தள்ளி என் மேசையில்தான் கிடந்தது. அது உண்மையில்லை என்று தலையில் எழுதிய அந்தத் தாளை எடுத்து நான் வாசித்திருக்கலாம். அரை நிமிடம் ஆகியிருக்கும். வாசிக்கவில்லை. தொடர்கதையின் அடுத்த பகுதியை யாருக்கும் முன்கூட்டிச் சொல்லக்கூடாது என்ற தொழில் ஒழுக்கம் எனக்கு இருந்தது. இன்னொரு காரணமும் இருந்தது. கதையின் அடுத்த பகுதி கேட்டு ஒரு வாசகர் மஞ்சில் நடந்து என்னைத் தேடி வந்திருக்கிறார். என் வாழ்நாளில் அப்படி நடந்தது அதுதான் முதல் தடவை. எனக்குப் பெருமையாக இருந்தது.

தேநீர் சொல்கிறேன் என்றேன். வேண்டாம், மழை வருது, வெள்ளனே வீடு போகணும் என்று சொல்லிவிட்டுப் போனார். அவர் குடியிருப்புக்குப் போய்ச் சேரும் முன்பே மழை பிடித்துவிட்டது.

அந்த மழை நான்கு நாள் நிற்கவில்லை. மரங்கள் விழுந்தன, மின்சாரம் போயிற்று, போன் கோபுரம் ஒன்றும் வேலை செய்யவில்லை. மலைப்பாதையில் மண்சரிவு, பஸ் இல்லை. பள்ளிக்கூடத்திலிருந்து யாரையும் வெளியே விடவில்லை. அந்த ஞாயிறு மகள் வீட்டுக்குப் போகவில்லை. வியாழக்கிழமை படி கீழே போகவில்லை. அந்தச் சனிக்கிழமை பத்திரிகை இல்லை.

வெள்ளிக்கிழமைதான் மகள் நடந்தே வீடு போய்ச் சேர்ந்திருக்கிறார். அப்பா காய்ச்சலில் படுத்திருந்தார். அடுத்த செவ்வாய்க்கிழமை இறந்துபோனார். நெஞ்சில் சளி கட்டிவிட்டது என்றார் மருத்துவர். என் வரி அவரைக் கொன்றது என்று சொல்ல மாட்டேன். வயதும் மழையும் செய்தவை அவை. ஆனால் அவர் மழையில் நடந்தது எதற்காக என்பது எனக்குத் தெரியும்.

துக்க வீடு என்று ஏழாம் பகுதியை நான் அச்சுக்கு அனுப்பாமல் வைத்திருந்தேன். பதினாறாம் நாள் காரியம் முடிந்து மகள் என் அறைக்கு வந்தார். அழவில்லை. குரலும் உயரவில்லை.

"அந்த வரி யாரு எழுதினது சார்?"

"நான்தான்."

"நான் வீட்டுக்குப் போன அன்னைக்கே அப்பாகிட்டச் சொன்னேன், அது நான் எழுதலப்பான்னு. சரிம்மான்னாரு. நம்புனாரா, என்னைத் தேத்துறதுக்குச் சொன்னாரான்னு தெரியல சார். எங்க வீட்டுல அக்கா பேச்ச எடுக்க மாட்டோம். அவரும் எடுக்க மாட்டாரு, நானும் எடுக்க மாட்டேன். கதையில மட்டுந்தான் எடுத்தேன். அதுல போய் இப்படி..." பிறகு, "உங்ககிட்ட வந்தாராமே. என்ன கேட்டாரு?" என்றார்.

சொன்னேன். என் பதிலையும் சொன்னேன். அந்த அளவுக்காவது அன்று நேர்மை இருந்தது.

"அந்த வரி என்னோடது இல்ல, ஆசிரியரோடதுன்னு அடுத்த பேப்பர்ல ஒரு சின்னக் கட்டத்துல போட்டுருங்க சார். அது போதும். வேற ஒண்ணும் கேக்கல."

நான் மறுத்தேன். எழுத்துப் பிழைக்கும் தேதிப் பிழைக்கும் திருத்தம் போடுவது வழக்கம், கதைக்குத் திருத்தம் போடுகிற வழக்கம் எந்தப் பத்திரிகையிலும் இல்லை என்று விளக்கினேன். ஆசிரியர் கை வைக்காத எழுத்து உலகத்தில் இல்லை என்றேன். பத்தொன்பதாம் நூற்றாண்டிலிருந்து உதாரணம்கூடச் சொன்னதாக நினைவு. நான் பயந்தது எதற்கு என்றால், பக்கத்தின் உச்சியில் உள்ள என் பெயருக்கு.

"கதைன்னு சொல்றீங்க" என்றார் அவர். "எங்கப்பா அதக் கதைன்னு கேக்கலையே சார்."

தன் கட்டைத் திரும்பக் கேட்டார். என் சிவப்பு மையோடும் கத்தரித்து ஒட்டிய துண்டுகளோடும் எடுத்துப் போனார். தவிர்க்க இயலாத காரணங்களால் தொடர் நிறுத்தப்படுகிறது என்று அடுத்த இதழில் போட்டேன். அது தவிர்க்கக்கூடியதாக இருந்தது என்று அறிந்தவன் எழுதிய வாக்கியம் அது.

ஒன்றரை வருடத்தில் பத்திரிகையும் நின்றது. மலைச் செய்தி எல்லாம் கைபேசியில் வந்துகொண்டிருந்தது. நாங்கள் அச்சிட்டு முடிக்கும்போது அது பழசாகிவிடும். முதல் சில வருடங்கள் நான் என்னை நியாயப்படுத்திக்கொண்டே இருந்தேன். மனைவி இருந்திருந்தால் என்னை விட்டிருக்க மாட்டாள். பிறகு அந்த நாவலாசிரியையின் கடிதங்களை ஒருநாள் மறுபடி எடுத்துப் படிக்க முயன்றேன். இரண்டாம் பக்கத்துக்கு மேல் முடியவில்லை. முப்பது வருடம் நான் திட்டியவரின் நாற்காலி எனக்குக் கிடைத்ததும் முதல் வேலையாக அவர் செய்ததைச் செய்தேன். அவராவது தன் எழுத்தாளரிடம் வெட்டச் சொல்லிக் கெஞ்சினார், கோபப்பட்டார். நான் போனில் இரண்டு வரி இடத்தை நிரப்பினேன்.

போன மாதம் ஞாயிற்றுக்கிழமைச் சந்தையில் அவரைப் பார்த்தேன். பூண்டு பொறுக்கிக்கொண்டிருந்தார். முடி நரைத்திருந்தது. நான் ஒதுங்கிப் போக நினைத்தேன், அவர் கூப்பிட்டார்.

"சார், நல்லா இருக்கீங்களா? தடி ஊன்ற அளவுக்கு ஆயிருச்சா?"

"ஆயிருச்சும்மா. எழுதுறீங்களா?"

"இல்லைங்க." பூண்டைப் பையில் போட்டார். "அக்காவும் பேசுறதில்ல."

எனக்குப் புரியவில்லை. அவரே சொன்னார். அப்பா இறந்தபோது அக்கா போனில் மணிக்கணக்காக அழுதாராம், பேசினாராம். அதற்கு ஆறு மாதம் கழித்துக் குடியிருப்பிலிருந்து யாரோ இலங்கைக்குப் போயிருக்கிறார்கள். உன் தங்கச்சி பத்திரிகையில் உங்கள் கதையை எழுதியிருக்கிறாள் என்று ஆசையாக அந்த இதழைக் கொண்டுபோய்க் கொடுத்திருக்கிறார்கள். ஆறாவது வார இதழ். அன்றிலிருந்து அக்கா போனை எடுப்பதில்லை.

"அது நான் எழுதலன்னு ஆள் மூலமா எத்தனையோ தடவ சொல்லி அனுப்பிட்டேன். பேரு போட்டிருக்கேன்னு கேக்குது."

நான் அங்கேயே நின்றபடி எண்ணைக் கேட்டு வாங்கினேன். மறுநாள் காலை அழைத்தேன். மூன்றாவது தடவைதான் எடுத்தார்கள்.

"யாரு பேசுறது?"

யார் என்று சொன்னேன். அந்த வரி என்னுடையது, உங்கள் தங்கை எழுதவில்லை என்று சொன்னேன். மறுபக்கத்தில் கோழி கத்துகிற சத்தம் கேட்டது.

"தங்கச்சி பேசச் சொல்லிச்சோ?"

"இல்லம்மா. நானாத்தான் பேசுறேன்."

"அப்ப எங்கப்பாவுக்குத் தெரியாதுங்களா? எம்பேரு அதுல இல்லாதது?"

ஆமாம், தெரியாது என்று சொல்லிவிட ஆசையாக இருந்தது. சொல்லியிருந்தால் அது நான் சேர்க்கும் இரண்டாவது வரி. "எனக்குத் தெரியாதும்மா" என்றேன்.

"இப்ப தெரியாதுங்கிறீங்க. அன்னைக்கு மட்டும் எப்பிடித் தெரிஞ்சுச்சு?"

"அன்னைக்கும் தெரியாது. பக்கத்துல இடம் மிச்சம் இருந்துச்சும்மா. அதை நிரப்ப எழுதினேன்."

அவர் சிரித்தாரா இருமினாரா என்று சொல்ல முடியாத ஒரு சத்தம். "நல்லாருக்குங்க ஐயா. நாப்பது வருசமா இது எம்மனசுல கெடந்த சந்தேகம். அந்தப் பேப்பரப் பாத்துட்டு, சரி, வீட்டுல எல்லாருக்கும் தெரிஞ்ச விசயந்தான், என்னத்தான் ஏமாத்திட்டாங்கன்னு இருந்துட்டேன்." பிறகு, "நீங்க போன்ல சொன்னா நான் யாருகிட்டக் காட்டுறது? எம்புள்ளைங்க எல்லாம் அந்தப் பேப்பரப் படிச்சிருக்கு. அன்னைக்கு அச்சுல போட்டீங்கதானே. இதையும் அச்சுல போட்டு அனுப்புங்க. அப்புறம் பார்ப்போம்" என்று சொல்லி வைத்துவிட்டார்.

ஆகவே இதை எழுதுகிறேன். என் பத்திரிகை இப்போது இல்லை. இடம் கொடுத்த இந்த இதழின் ஆசிரியரிடம், எங்கே வேண்டுமானாலும் வெட்டிக்கொள்ளுங்கள், கீழே வரும் பத்தியில் மட்டும் கை வைக்காதீர்கள் என்று கேட்டிருக்கிறேன். கட்டுரைக்கு மேலே என் பெயர் இருக்கும்.

அந்தத் தொடரின் ஆறாவது பகுதியில், பெருவிரல் வைத்தபோதே தகப்பனுக்குத் தெரியும் என்று வரும் கடைசி வாக்கியத்தை எழுதியவன் நான். கதையை எழுதியவருக்கு அது அச்சாகும்வரை தெரியாது. அவர் எழுதிய பகுதி, வேட்டியில் மையைத் துடைப்பதோடு முடிந்தது. தகப்பனுக்குத் தெரியும் என்பதற்கு அன்றும் என்னிடம் எந்த ஆதாரமும் இல்லை, இன்றும் இல்லை. அவர் என்னிடம் வந்து, அதை மகள்தான் எழுதினாளா என்று கேட்டார். நான் உண்மையைச் சொல்லவில்லை. அவர் இறந்தபின் மகள் கேட்ட திருத்தத்தையும் நான் போடவில்லை.

இதழ் வந்ததும் இரண்டு பிரதிகளை நானே தபாலில் சேர்ப்பேன். ஒன்று இந்த மலைக்கு, ஒன்று அந்த மலைக்கு. அக்கா நம்புவாரா என்று தெரியவில்லை. நம்பாவிட்டால் குறை சொல்ல எனக்கு வாயில்லை.